ஏணிக்காரன் பேசுகிற இடம்

அப்பா விரலை நீட்டியது குண்டுப் போலீஸ்காரனைப் பார்த்து இல்லை, ட்ராம் கண்டக்டரைப் பார்த்தும் இல்லை, ஏணிக்காரனைப் பார்த்து. முதலில் டி.வி.யில் அவனைக் காட்டினார், பிறகு வெள்ளைத் துணி கட்டியிருக்கிற தன் கழுத்தைக் காட்டினார், பிறகு என் வாயைக் காட்டினார். இவனுக்கு, என் குரலை, நீ போடு. நான் சரி என்று தலையை ஆட்டிவிட்டேன். நான் யோசிக்க ஆரம்பிப்பதற்குள் ஆடி முடித்துவிடுகிற தலை இது, பள்ளிக்கூடத்தில் பாதி வம்பு இந்தத் தலையால் வந்ததுதான். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மீன்குழம்புச் சாப்பாடு முடிந்துவிட்டது, வெளியே தென்காசிச் சாரல் பெய்கிறதா நிற்கிறதா என்று சொல்ல முடியாதபடி பெய்துகொண்டிருக்கிறது, அம்மா உள்ளே மீன்சட்டியைத் தேய்க்கிறாள், தேங்காய் நார் சரட் சரட் என்கிறது, அப்பா பிளாஸ்டிக் நாற்காலியில், நான் தரையில், எங்களுக்கு முன்னால் நூறு வருஷத்துக்கு முந்தின ஏதோ ஒரு வெள்ளைக்காரத் தெரு. கறுப்பு வெள்ளை, ஊமைப் படம், துண்டுப் படம், ஒரு தூக்கம் போட்டு எழுவதற்குள் முடிந்துவிடும். ஏணிக்காரன் சுவரில் போஸ்டர் ஒட்டுகிறவன். தோளில் நீள ஏணி, கையில் பசை வாளி, முகத்தில் எதுவுமே நடக்காதது மாதிரி ஒரு முகம். படம் முழுக்க விழுவான், ஓடுவான், மறுபடி விழுவான், வாயை மட்டும் திறக்க மாட்டான். கடைசியில் ஒரே ஒரு இடத்தில் திறப்பான். அந்த இடம் வருவதற்குள் எனக்கு அப்பாவின் குரல் வந்தாக வேண்டும். வராது. வராது என்பது இந்த வீட்டில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

என் பெயர் பேச்சியம்மாள். அந்தப் பெயரை வைத்துக்கொண்டு யாராலும் சும்மா இருக்க முடியாது. காலையில் வாசலில் நின்று சிலிண்டர்க்காரர் குரலில் "யம்மோவ், கேஸு!" என்பேன், அம்மா புத்தகத்தையும் பணத்தையும் தூக்கிக்கொண்டு ஓடி வருவாள், வந்து பார்த்துவிட்டு "ஏட்டி, சவத்து மூதி" என்று துரத்துவாள். ரயில்வே ஸ்டேஷன் அறிவிப்பு அம்மாவாக மாறி, செண்பகம் அத்தை இன்னும் சில நிமிடங்களில் முதலாவது நடைமேடைக்கு, அதாவது எங்கள் வீட்டுக்கு, சண்டை போட வந்துசேருவார் என்று கனிவான கவனத்துக்குக் கொண்டுவருவேன். என் தொண்டை ஒரு டவுன் பஸ். யார் கை காட்டினாலும் நிற்கும், யார் வேண்டுமானாலும் ஏறலாம். தலைமையாசிரியை அமலோற்பவம் டீச்சர் ஜன்னல் சீட்டில் இருக்கிறார், செண்பகம் அத்தை பக்கத்தில் கூடையோடு, பழைய இரும்பு ஈயம் பித்தளை மைக் வண்டி படியில் தொங்குகிறது. இந்தப் படங்களுக்கும் அவர்களைத்தான் இறக்கிவிட்டேன். குண்டுப் போலீஸ்காரனுக்கு அமலோற்பவம் டீச்சர், குடை வைத்துக்கொண்டு அடிக்கிற வீட்டுக்காரிக்கு அத்தை, நாய்க்கு நாயே. இது எப்படி ஆரம்பித்தது என்றால், ஆப்பரேஷனில் அப்பாவின் குரல்வளையை முழுசாக எடுத்துவிட்டார்கள், கழுத்தடியில் ஒரு ஓட்டை, மூச்சு அது வழியாக, வாய் சாப்பிடுவதற்கு மட்டும். வீட்டுக்கு வந்த பிறகு அவரால் டி.வி. பார்க்க முடியவில்லை. எல்லாரும் பேசிக்கொண்டே இருந்தார்கள். பஞ்சாயத்துப் பேச்சு, சமையல் பேச்சு, மாமியார் பேச்சு. சத்தத்தைக் குறைத்தார், வாய்கள் மட்டும் அசைந்தன, அதையும் அணைத்தார். அப்புறம்தான் நான் போனில் இந்தப் படங்களைப் பிடித்து டி.வி.யில் விட்டேன். இதில் யாருமே பேசுவதில்லை. குண்டனுக்கும் ஒல்லிக்கும் நாய்க்கும் ஒரே நியாயம். அப்பா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டார். முதல்முறை போலீஸ்காரன் பசை வாளியில் உட்கார்ந்து எழ முடியாமல் வாளியோடு எழுந்தபோது நான், "யாரது, என் நாற்காலியில் இதைச் செய்தது, கையை நீட்டு" என்று அமலோற்பவம் டீச்சராகக் கத்தினேன், அப்பா சிரித்தார். சிரிப்பு என்றால் தோள் குலுங்கும், கழுத்துத் துணி புஸ் புஸ் என்று ஆடும், கண்ணில் தண்ணீர் வரும், சத்தம் இருக்காது. படத்துக்குள்ளிருந்து யாரோ வந்து நாற்காலியில் உட்கார்ந்த மாதிரி இருந்தது. நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே கையில் மயிர் நட்டுக்கொண்டது.

ஏணிக்காரன் இதோ திரும்புகிறான். யாரோ பின்னாலிருந்து கூப்பிட, ஏணியோடு திரும்புகிறான், ஏணியின் வால் ஒருத்தனைச் சாய்க்கிறது, சாய்ந்தவன் என்ன என்று கேட்க எழ, இவன் மறுபக்கம் திரும்ப, தலை அடுத்தவனைச் சாய்க்கிறது. "டொம்" என்கிறேன், "டொம், மட்டேர்" என்கிறேன், வாய் பாட்டுக்குச் செய்கிறது, அப்பா பாட்டுக்குக் குலுங்குகிறார், நான் வேறு எங்கோ இருக்கிறேன். ஆஸ்பத்திரிக்குக் கிளம்பின அன்று காலையில் இருக்கிறேன். பூதத்தான் மாமா வந்திருந்தார். அப்பா கண்டக்டராக இருந்த பஸ்ஸின் டிரைவர், நிஜ மாமா இல்லை, அதற்கும் மேலே. "வே உச்சிமாகாளி, நாலு வார்த்த போன்ல பேசி வச்சிரும்வே. பொறவு வேணும்னா கேக்கலாம்லா" என்றார். டாக்டரும் அதைத்தான் சொல்லியிருந்தார். அப்பா செருப்பை மாட்டிக்கொண்டே, "எதுக்குவே? அதான் வீட்டுல ஒரு டேப்ரிக்கார்டரு ரெட்டச் சடை போட்டு வளந்து நிக்கே" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். அம்மாகூட முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை, அங்கேயே எடுத்துவிட்டேன், "ஆய்க்குடி, சாம்பவர்வடகர, சுரண்டயெல்லாம் ஏறு! படியில நிக்காத, உள்ள தள்ளு, உள்ள என்ன பாம்பா கெடக்கு!" மாமா கையைத் தட்டினார். "அச்சு அசல்வே, அச்சு அசல்" என்றார். அப்பா என் தலையில் தட்டி "பாத்தீரா" என்றார். அவ்வளவுதான். யாரும் எதையும் பதியவில்லை. நான் இருக்கிறேனே. அந்த அச்சு அசல் இப்போது என் தொண்டையில் மீன் முள் மாதிரி நிற்கிறது, விழுங்கினாலும் போகவில்லை, காறினாலும் வரவில்லை. அதற்கப்புறம் எங்கெல்லாமோ தேடிப் பார்த்தேன். போனில் அப்பா சரி என்பார், வாரேன் என்பார், வைத்துவிடுவார், வாய்ஸ் மெசேஜ் என்றால் காதில் வைத்துக்கொண்டு அதோடு பேச ஆரம்பிக்கிற ஆள். சித்தி கல்யாண வீடியோவில் ஒரு இடம் உண்டு, பந்தி வாசலில் அப்பா கேமராவைப் பார்த்து ரொம்ப நேரம் பேசுகிறார், கையை ஆட்டி, புருவத்தை ஏற்றி, ஏதோ நக்கல். வீடியோக்காரர்கள் அதன் மேல் ஒரு சினிமா டூயட்டை முழு நீளத்துக்குப் போட்டு, ஓரத்தில் ரோஜாப்பூ பறக்கவிட்டிருக்கிறார்கள். அப்பா வாயை அசைக்கிறார், ஒரு பெண் குரல் பாடுகிறது.

டேப்ரிக்கார்டரில் இருப்பது பஸ் குரல். அதுதான் விஷயம். அப்பாவுக்கு இரண்டு குரல் இருந்தது, அது இப்போதுதான் எனக்கு உறைக்கிறது. பஸ் குரலுக்கு ஒரு கைப்பிடி உண்டு, மூக்கில் ஆரம்பித்து, ஊர்ப் பெயரின் வாலைப் பிடித்து இழுத்து, கடைசியில் டப் என்று விடுவது. அந்தக் கைப்பிடியைப் பிடித்தால் யாரும் பண்ணலாம், எங்கள் தெருப் பயல்களே பண்ணுவார்கள். வீட்டுக்குள் வந்து சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிய பிறகு வேறு ஒன்று இருந்தது. தாழ்ந்து, ஒன்றுமில்லாமல், நாள் முழுக்கக் கத்தினவன் மிச்சம் வைத்திருக்கிற குரல். அதற்குக் கைப்பிடியே கிடையாது. அதை நான் ஒருநாளும் மிமிக்ரி பண்ணியதில்லை. பண்ணினால் யார் சிரிப்பார்கள். இதோ ட்ராம் வருகிறது. ஏணிக்காரன் ஏணியை ஒரு மஞ்சளோ நீலமோ தெரியாத சுவரில் சாய்த்து ஏறுகிறான், அது சுவர் இல்லை, நிற்கிற ட்ராம், கிளம்புகிறது, ஏணியும் கிளம்புகிறது, இவன் அந்தரத்தில் போஸ்டரும் பிரஷுமாகக் காலை உதைத்துக்கொண்டு கூடவே போகிறான். ட்ராமுக்குள் ஒரு கண்டக்டர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி இவனிடம் டிக்கெட் கேட்கிறான். இந்த இடத்தில் அப்பா எப்போதும் நாற்காலி நுனிக்கு வந்துவிடுவார். நான் எடுத்துவிடுகிறேன், "ஏணிக்குத் தனி டிக்கெட்டு எடுக்கணும்வே! லக்கேஜு!" நன்றாக வருகிறது. ரொம்ப நன்றாக வருகிறது. அப்பா குலுங்குகிறார், குலுங்கி முடித்து, கையை இல்லை இல்லை என்று ஆட்டி, விரலை மறுபடி அந்தரத்தில் தொங்குகிறவனிடம் கொண்டுபோகிறார். அவன். கண்டக்டர் வேண்டாம். அதாவது அவருக்கும் தெரிந்திருக்கிறது, எது பஸ் குரல், தனக்கு எது வேண்டும் என்று. வீட்டுக்கு வந்த புதிதில் பூதத்தான் மாமா ஆரஞ்சுப் பழத்தோடு ஒரு புது விசில் வாங்கி வந்தார், பளபளவென்று, சிவப்புக் கயிறு போட்டு. "கூப்பிட முடியலன்னா என்னவே, ஊதும். ஒரு விசில் அடிச்சா தங்கச்சி வந்து நிக்கட்டும், ரெண்டு அடிச்சா போய்க்கிட்டே இருக்கட்டும்." எல்லாருக்கும் பிடித்துப்போனது, இது ஏன் நமக்குத் தோன்றவில்லை என்று அம்மா கேட்டாள். அப்பா ஆசையாக வாயில் வைத்துக் கன்னத்தை உப்பி ஊதினார். கழுத்துத் துணி பறந்தது. விசில் சும்மா இருந்தது. ஊதுகிற மூச்சு வாய்க்கு வருவதில்லை என்பது டிரைவருக்கும் தோன்றவில்லை, கண்டக்டருக்கும் தோன்றவில்லை, வாழ்நாள் முழுக்க விசிலோடு இருந்த இரண்டு ஆட்களுக்கும். மாமாவின் முகம் போன போக்கைப் பார்த்து அப்பா விசிலை எடுத்துக் கழுத்தில் வைத்து, கண்ணை உருட்டி, பஸ்ஸைத் தட்டுவது மாதிரிச் சுவரைத் தட்டி, ரைட் போகலாம் என்று கை காட்டினார். நாங்கள் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. மாமா வண்டி நனைகிறது என்று வெளியே போனார். மழையில் நின்று வண்டி சீட்டைத் துடைத்தார், அது நனைய நனையத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

ட்ராம் வளைவில் ஏணி கழன்றது, விழுந்தான். தலைகுப்புற, பசை வாளி மேலே கவிழ. டொம் என்று சொல்ல மறந்துவிட்டேன். சொல்லாததால் அந்த விழுதல் அப்படியே வெறுமனே கிடக்கிறது. சத்தம் இல்லாததால்தான் இதெல்லாம் சிரிப்பு என்று எனக்கு ஒரு சந்தேகம் கொஞ்ச நாளாக. நான் போடுகிற டொம்மும் மட்டேரும் சத்தம் இல்லை, அது சத்தத்தின் மேல் போட்ட டூயட். ஒருநாள் விளையாட்டுக்கு, அவன் மாடிப்படியில் உருண்டபோது, நிஜமாக எலும்பு முறிந்தவர்கள் கத்துகிற மாதிரி ஒரு கத்து கத்திப் பார்த்தேன், அத்தை வழுக்கி விழுந்து கால் முறிந்தபோது கத்தின அதே கத்து. அப்பா சிரிக்கவில்லை. படமும் சிரிப்புப் படமாக இல்லை, ஒரு மனுஷன் படியில் உருண்டான், எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வலிக்கு வாய் இல்லையென்றால் அது வேடிக்கை. போன மாதம் அப்பா குளியலறையில் வழுக்கினார். அம்மா சேலை காயப்போட மாடிக்குப் போனவள் இறங்கி வந்து, தண்ணீர் வாசலுக்கு ஓடி வருகிறதே என்று கதவைத் தள்ளினால், ஈரத்தரையில் வாளியும் தானுமாக உட்கார்ந்திருக்கிறார். அடி ஒன்றும் இல்லை, முழங்கையில் சிராய்ப்பு. "எம்புட்டு நேரமா இப்பிடி இருக்கிய? கூப்பிட்டா என்ன?" என்றாள் அம்மா, வாய் பழக்கத்தில். அப்பா அவளுக்கு நடித்துக் காட்டினார். வாயை முழுசாகத் திறந்து, கழுத்து நரம்பு புடைக்க, கையால் தரையை அடித்து. இப்படித்தான் கூப்பிட்டேன். பிறகு தோளைக் குலுக்கிச் சிரித்தார், அவளும் சிரிக்க வேண்டும் என்று. அம்மா அன்றிலிருந்து அவரிடம் மெதுவாகவும் சத்தமாகவும் பேசுகிறாள், காது கேட்காதவரிடம் பேசுவது மாதிரி. "சா-தம் போ-டவா?" அப்பாவுக்குக் காது பாம்புக் காது. என்ன சொன்னாலும் அவள் விடுவதில்லை. பழையபடி எரிந்து விழுந்து நாளாகிவிட்டது, முன்பெல்லாம் இந்த வீட்டில் எரிச்சல்தான் கொஞ்சல்.

போலீஸ்காரன் முதுகில் ஏணிக்காரன் ஒரு போஸ்டரை ஒட்டிவிட்டான், சர்க்கஸ் பெண் படம், தெருவில் போகிறவர்கள் எல்லாம் போலீஸ்காரனுக்கு முத்தம் பறக்கவிடுகிறார்கள், நான் அமலோற்பவம் டீச்சராக "ஒழுக்கம்! ஒழுக்கம்!" என்கிறேன். இந்தத் தெருவில் இப்போது உயிரோடு யாருமே இல்லை. இது திடீரென்று வந்துவிடுகிறது, எச்சில் விழுங்குகிற மாதிரி. போலீஸ்காரன் இல்லை, சர்க்கஸ் பெண் இல்லை, முத்தம் விட்டவர்கள் இல்லை, நாய் எப்போதோ போய்விட்டது. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமைதோறும் வந்து எங்கள் வீட்டில் விழுகிறார்கள். ஏணிக்காரனுக்கு என்ன குரல் இருந்திருக்கும். கீச்சுக் குரலா, கட்டைக் குரலா, திக்குவாயா. அவனுக்கும் ஒரு வீடு இருந்திருக்கும், பசை கழுவிவிட்டு உட்கார்ந்த பிறகு ஒரு தாழ்ந்த குரல் இருந்திருக்கும், அதைக் கேட்டவர்களும் போய்விட்டார்கள், உடம்பு மட்டும் இப்படி மிச்சமாகி ஓடிக்கொண்டே இருக்கிறது. எனக்குப் பயம் அவன் இல்லை. எனக்குப் பயம் அமலோற்பவம் டீச்சர். பள்ளிக்கூட மைக்கில் அவர் குரலில், ஆறாம் வகுப்பு முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரை இன்று மதியம் மழை விடுமுறை என்று அறிவித்தேன், கொளுத்துகிற வெயிலில் மொத்தப் பள்ளிக்கூடமும் பையைத் தூக்கிக்கொண்டு ஓடியது, வாட்ச்மேன் வாழ்த்துக்கூடச் சொன்னார். மறுநாள் டீச்சர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டு, கதவைச் சாத்தி, "எங்க, செஞ்சு காட்டு" என்றார். அடிதானே என்று செய்து காட்டினேன். அடிக்கவில்லை. "நான் இப்பிடியா பேசுதேன்?" என்று கேட்டார். அதைக் கேட்டது மைக் குரல் இல்லை, வகுப்புக் குரல் இல்லை. தாழ்ந்து, ஒன்றுமில்லாமல். வெளியே வந்ததும் அந்த ஒரு வரியை எடுத்துப் பார்த்தேன், நான் எதையும் ஒருமுறை கேட்டால் போதும், அது மட்டும் வரவில்லை. இன்றுவரை வரவில்லை. அப்போதே எனக்குத் தெரிந்திருக்க வேண்டும், நான் பிடிப்பதெல்லாம் ஆட்கள் வெளியே போட்டுக்கொண்டு வருகிற சட்டையை என்று.

தேடாமல் இல்லை. தண்ணித் தொட்டிக்குப் பின்னால் போய் நின்று முயன்று பார்த்திருக்கிறேன். வார்த்தைகள் இருக்கின்றன. பேச்சி, செருப்ப உள்ள எடுத்து வையி, சாரலு அடிக்கி. ரசத்துல உப்பு கம்மி, ஆனா நல்லாருக்கு. லைட்ட அணைக்கவா, படிக்கியா? ஒவ்வொன்றும் இருக்கிறது, கட்டிலில் உதறிப் போட்ட சட்டை மாதிரி, உள்ளே ஆள் இல்லை. முதல்நாள் ஏதோ கிட்டத்தில் வந்தது. அதைப் பிடிக்க மறுநாள் மறுபடி சொன்னேன். மூன்றாம் நாள் நான் தேடிக்கொண்டிருந்தது அப்பாவின் குரலை இல்லை, முந்தினநாள் நான் பண்ணினதை. ஜெராக்ஸை வைத்து ஜெராக்ஸ் எடுக்க எடுக்க முகம் வெளுத்து, கண் இருந்த இடத்தில் இரண்டு கறுப்புப் பொட்டு. இன்னும் முயன்றால் அதுவும் போய்விடும் என்று நிறுத்திவிட்டேன். அப்பாவுக்கு மெஷின் ஒன்று வாங்கிக் கொடுத்தார்கள், கழுத்தில் அழுத்திக்கொண்டு வாயை அசைத்தால் கரகரவென்று பேசும், ஊரில் அதை வைத்திருக்கிற எல்லாருக்கும் ஒரே குரல். அதை நான் சாயங்காலத்துக்குள் பிடித்துவிட்டேன், அம்மா பெயரைச் சொல்லி "பி-ர-மு, கா-பி" என்று கரகரத்தேன், அம்மா உள்ளேயிருந்து வரவே இல்லை. அப்பா மெஷினைப் பெட்டியில் போட்டு பீரோ மேல் வைத்தார். வேண்டாம் என்பதற்கு அவர் காட்டின சைகை, என்னைக் காட்டினது. இவள் இருக்கிறாள். நான் இருக்கிறேன். நான் இருக்கிறேன் என்று நம்பி ஒரு மனுஷன் எதையும் பதியாமல் ஆப்பரேஷன் தியேட்டருக்குள் போயிருக்கிறார், நான் ஆய்க்குடி சாம்பவர்வடகரை என்று கத்திக்கொண்டிருக்கிறேன். இப்போது இந்த இடத்தில் நான் பஸ் குரலைப் போட்டால் அவர் சிரிப்பார், கையைத் தட்டுவார், அச்சு அசல் என்று கட்டைவிரலைக் காட்டுவார், காட்டிவிட்டுத் தெரிந்துகொள்வார், அந்தத் தாழ்ந்த குரல் போய்விட்டது என்று. அதை நானே அவருக்குச் சொல்லவேண்டியிருக்கிறது, அவர் வாயாலேயே.

நாய் குரைத்துவிடலாம். இதற்கு முன்னால் பார்த்தபோதெல்லாம் அப்படித்தான் செய்தேன், அவன் வாயைத் திறக்கும்போது நாயைக் குரைக்கவிட்டேன். இதோ அவன் ஏணியை நடுத்தெருவில் எதிலும் சாய்க்காமல் நிறுத்தி ஏறுகிறான். அது நிற்கிறது. அவன் ஏறுகிறவரைக்கும் நிற்கிறது, அதுதான் வேடிக்கை, மேலே போய்க் கீழே பார்த்தபிறகுதான் அதற்கு நினைவு வருகிறது, மெல்ல, மெல்ல, நடுத்தெருவிலிருந்து அந்தப் பக்கத்துக்கு ஒரு கால்வட்டம் அடித்துச் சாய்கிறது, அவன் நுனியில் தொப்பியைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து நிற்கிறான், மரியாதையாக, பஸ்ஸில் போகிறவன் மாதிரி. காகிதக்கடைப் பந்தலைக் கிழித்துக்கொண்டு உள்ளே போகிறான். தூசி. போலீஸ்காரன் எட்டிப் பார்த்துவிட்டு ஓடிப்போகிறான், குடைக்காரி ஓடிப்போகிறாள், தெரு காலி. தூசி அடங்குகிறது. காகிதக் குவியலில் உட்கார்ந்திருக்கிறான். பாதி முகம் பசை. தொப்பியை எடுத்து உள்ளே பார்த்துவிட்டு மறுபடி வைத்துக்கொள்கிறான். அப்பாவின் விரல் என் தோளில் ஒருமுறை தொட்டது. அவன் இடது பக்கம், நமக்குத் தெரியாத ஒரு பக்கம், யாரோ அங்கே இருக்கிற மாதிரிப் பார்த்து, வாயைத் திறக்கிறான். பேசினதை எழுதிக் காட்டுகிற அட்டை வராது. மற்றவர்கள் பேசினால் அட்டை போடுகிறார்கள், இவன் பேசினதுக்கு மட்டும் போடவில்லை. குரைக்கத்தான் நினைத்தேன். சத்தியமாக நாயைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். "ஏ பிரமு, கொஞ்சம் இங்க வாயேன்." தொண்டையில் ஏறவில்லை, மூக்குக்குப் போகவில்லை, நெஞ்சுக்குழியில் எங்கேயோ கிடந்து அப்படியே வாய்க்கு வந்துவிட்டது, தாழ்ந்து, ஒன்றுமில்லாமல், வாயேன் என்பதில் அந்தக் கடைசி ஒரு சின்னச் சலிப்போடு. உள்ளேயிருந்து, "இந்தா வாரேன்! கையெல்லாம் சோப்பாக் கெடக்கு, அதுக்குள்ள என்ன பறப்பு பறக்கிய, நிம்மதியா ஒரு சட்டியக் கழுவ விடுதியளா இந்த வீட்டுல" என்று அம்மா எரிந்து விழுந்தாள்.

தேங்காய் நார் நின்றது. குழாய் திறந்தபடி கொட்டிக்கொண்டிருந்தது. அம்மா கதவு நிலையில் வந்து நின்றாள், கையிலிருந்து சோப்புத் தண்ணீர் முழங்கை வழியாகச் சொட்டியது, நிலையைப் பிடித்துக்கொண்டாள். அப்பா நாற்காலியில் அவளுக்கு எதிரே இருந்தார். அவள் அவரைப் பார்க்கவில்லை. என் வாயைப் பார்த்தாள். "இன்னொரு மட்டம்" என்றாள். இன்னொரு தடவையா என்று நான் டி.வி.யைப் பார்த்தேன். "ஏட்டி, பேச்சி. இன்னொரு மட்டம் கூப்பிடு. ஒரே மட்டம்." வாயைத் திறந்தேன். அங்கே ஆய்க்குடி இருந்தது, சுரண்டை இருந்தது, அத்தை கூடையோடு இருந்தாள். வேறு யாரும் இல்லை. அம்மா ஒரு எட்டு முன்னால் வந்தாள், கண்ணை எடுக்காமல், பஸ் வருகிற ரோட்டைப் பார்க்கிற மாதிரி என் வாயைப் பார்த்துக்கொண்டு. அவள் தோளுக்குப் பின்னால் அப்பா கையைத் தூக்கினார், தூக்கின கையை என்ன செய்வது என்று தெரியாமல் முழங்காலில் வைத்தார். பிறகு அவருடைய உதடு ஒட்டியது, பிரிந்தது, குவிந்தது. மறுபடி ஒட்டியது, பிரிந்தது, குவிந்தது. கழுத்துத் துணி ஆடியது. அம்மா இன்னும் கிட்டே வந்து, ஈரக் கையால் என் கன்னத்தைப் பிடித்து, "சொல்லுட்டி" என்றாள், கெஞ்சுகிற மாதிரி, அவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. அவர் இன்னும் சொல்லிக்கொண்டே இருந்தார். நான் அவள் கையை விலக்கினேன். என் வாயிலிருந்து வந்தது யார் குரல் என்று எனக்குத் தெரியவில்லை, மெலிசாக, கீச்சென்று, இதுவரை நான் எங்கேயும் கேட்டது இல்லை. "எம்மா, என்னப் பாக்காத. அங்க திரும்பிப் பாரு. அப்பா கூப்பிடுதாவ."